ஊரார் நிலமும் ஒற்றை ரூபாய்க் குத்தகையும்

614 ரூபாய் 13 அணா!

சென்னை கிண்டியிலே ரேஸ் கிளப்புக்குக் குத்தகையாக விடப்பட்ட 160 ஏக்கர் 86 சென்ட் அரசு நிலத்துக்கு, ஓராண்டு வாடகை என்று ஒப்பந்தத்திலே எழுதப்பட்ட தொகை இது. கணக்குப் போட்டுப் பாருங்கள். ஏக்கர் ஒன்றுக்கு ஆண்டுக்கு நான்கு ரூபாய்கூடத் தேறவில்லை. அந்த 160 ஏக்கருக்கும் சேர்த்து நாளொன்றுக்கு இரண்டு ரூபாய்கூடத் தேறவில்லை. வெள்ளையர் ஆட்சியின் அந்திமக் காலத்தில், 1945ஆம் ஆண்டு தொடங்கி 99 ஆண்டுகளுக்கு, அதாவது 2044ஆம் ஆண்டு வரைக்கும், இந்த வாடகைக்கே இந்த நிலம் என்று எழுதிக் கொடுத்தார்கள். எழுதிக் கொடுத்தவர்கள் கப்பலேறிப் போய்விட்டார்கள். அணாவும் வழக்கொழிந்தது. சென்னை நகரம் கிண்டியை விழுங்கித் தாம்பரத்துக்கு அப்பாலும் பரந்தது. நிலத்தின் மதிப்பு விண்ணை முட்டியது. ஒப்பந்தத்திலிருந்த வாடகை மட்டும் நின்ற இடத்திலேயே நின்றது.

1970ஆம் ஆண்டு முதலே வாடகையை உயர்த்த அரசு முற்பட்டது. ஒப்பந்தத்தில் அதற்கு இடமில்லை என்று கிளப் வாதாடியது. நோட்டீசும் மறுப்பும், மனுவும் எதிர்மனுவுமாக அரை நூற்றாண்டு ஓடிற்று. 2023ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் சென்னை உயர்நீதிமன்றம், பாக்கியாக 730 கோடியே 86 லட்சம் ரூபாயைக் கட்டுமாறு ஆணையிட்டது. 2024ஆம் ஆண்டு செப்டம்பரில் அரசு குத்தகையையே ரத்துச் செய்தது. அதன் பின்னரும் வழக்கு தொடர்ந்தது.

கிண்டி நிலம் மாநில அரசின் நிலம். நகராட்சியின் நிலம் அன்று. ஆயினும் நாட்டிலுள்ள ஒவ்வொரு நகரமன்ற உறுப்பினரும் தம் மேசைமீது எழுதி வைத்துக்கொள்ள வேண்டிய கணக்கு இது. ஏனெனில், இதே கதை, இத்தனை பெரிய எழுத்தில் இல்லாவிடினும், ஊர்தோறும் நகராட்சிக் கோப்புகளிலே உறங்கிக் கிடக்கிறது. ஊரின் நடுவே ஒரு கிளப். அதற்கு ஒரு விளையாட்டுத் திடல். யாரோ ஒரு பெரியவரின் பெயரால் ஒரு அறக்கட்டளை. அதற்கு நெடுஞ்சாலை ஓரத்திலே ஒரு மனை. வாடகை எவ்வளவு என்று கேட்டால், வாயால் சொல்லவே கூச்சப்படும் ஒரு தொகை. எப்போது முடியும் என்று கேட்டால், நம் பேரப்பிள்ளைகளின் காலம்!

நகராட்சி நிலம் யாருடையது? தலைவருடையதா? ஆணையருடையதா? தீர்மானத்துக்குக் கை தூக்கிய உறுப்பினர்களுடையதா? வரி கட்டுகிற மக்களுடையது. வரி கட்ட வழியில்லாமல் அந்த நகரத்தின் சாக்கடையை அள்ளுகிறவனுக்கும் அதிலே பங்கு உண்டு. சந்தையிலே நூறு ரூபாய் வாடகை பெறக்கூடிய நிலத்தை ஒரு ரூபாய்க்கு விட்டால், மீதி 99 ரூபாய் எங்கே போகிறது? காற்றிலே கரைந்து விடுகிறதா? இல்லை. அந்த 99 ரூபாயும் ஊரார் பையிலிருந்து எடுக்கப்பட்டு, குத்தகைதாரர் பையிலே போடப்படுகிறது. அதற்குச் சரியான பெயர் மானியம்.

மானியம் கொடுப்பதே குற்றம் என்று நாம் கூற வரவில்லை. ஏழைக்கு வீடு வேண்டும். பிள்ளைக்குப் பள்ளி வேண்டும். நோயாளிக்கு மருத்துவமனை வேண்டும். ஆனால், ஒரு கைத்தறி நெசவாளனுக்குச் சில நூறு ரூபாய் மானியம் கொடுப்பதென்றால் எத்தனை படிவம், எத்தனை சான்று, எத்தனை கையொப்பம்! வரவு செலவுத் திட்டத்திலே அதற்கு ஒரு தலைப்பு. சட்டமன்றத்திலே ஒரு விவாதம். தணிக்கையிலே ஒரு கேள்வி. கோடி பெறும் நிலத்தைக் காசுக்குக் குத்தகை விட்டால் மட்டும் எந்தக் கணக்கிலும் ஏறுவதில்லை. வரவுப் பகுதியிலே 'வாடகை ரூபாய் ஒன்று' என்று ஏறும். செலவுப் பகுதியிலே, இழந்த 99 ரூபாய் ஏறவே ஏறாது. கணக்கிலே ஏறாத மானியம், கண்ணிலே படாத திருட்டுக்கு அண்ணன் அல்லவா?

சட்டம் கைகட்டி நிற்கிறதா என்று கேட்கலாம். இல்லை. சட்டம் தெளிவாகவே பேசியிருக்கிறது. அதைப் படிக்கத்தான் ஆளில்லை.

நமது அரசமைப்பின் 14ஆவது பிரிவு, சட்டத்தின் முன் அனைவரும் சமம் என்கிறது. அந்தச் சமத்துவம் வாக்குச்சாவடியோடு நின்றுவிடும் ஒன்றா? அரசு தன் கையிலுள்ள பொருளைப் பகிர்ந்து கொடுக்கும்போதும் அது அரசைக் கட்டும் என்று உச்ச நீதிமன்றம் 1979ஆம் ஆண்டிலேயே கூறிவிட்டது. பம்பாய் விமான நிலையத்திலே சிற்றுண்டிச்சாலை நடத்தும் உரிமையை யாருக்குக் கொடுப்பது என்ற சாதாரணமான வழக்கு அது. அதிலேதான், அரசும் அரசின் அமைப்புகளும் தனி மனிதரைப் போல மனம்போன போக்கில் தம் சொத்தைக் கொடுக்க முடியாது என்ற பெரிய நெறி பிறந்தது. என் வீட்டை என் மைத்துனனுக்குச் சும்மா விடலாம். கேட்க எவருக்கும் உரிமையில்லை. ஊர் வீட்டை அப்படி விட முடியாது. ஊர் கேட்கும், கேட்க வேண்டும்.

மறு ஆண்டிலே, 1980இல், காச்மீரத்தின் காடுகளில் பிசின் எடுக்கும் ஒப்பந்தம் பற்றிய வழக்கு வந்தது. அதிலே நீதிமன்றம் வகுத்த நெறி நம் பொருளுக்கு நேரடியாகப் பொருந்துவது. அரசு தன் சொத்தை விற்கும்போதோ குத்தகைக்கு விடும்போதோ, கிடைக்கக்கூடிய உயர்ந்த விலைக்குக் குறைவாகக் கொடுக்கலாகாது. அப்படிக் கொடுப்பதென்றால், அதை நியாயமானதாகவும் பொதுநலனுக்கு உகந்ததாகவும் ஆக்கும் வேறு காரணங்கள் இருந்தாக வேண்டும். இதுவே அந்த நெறியின் சாரம். அந்த வழக்கில், மாநிலத்திலே தொழிற்சாலை வளர வேண்டும் என்ற காரணத்தை ஏற்று, ஒப்பந்தம் செல்லும் என்றே தீர்ப்பு வந்தது. ஆகவே, குறைந்த விலைக்குக் கொடுக்கவே கூடாது என்று சட்டம் கதவைச் சாத்தவில்லை. கொடுக்கிறாயா, காரணத்தைக் காட்டு என்று வாயிலிலே நின்று கேட்கிறது.

காரணம் காட்ட முடியாதபோது என்ன நடக்கும்? 2011ஆம் ஆண்டு அதற்கு விடை கூறியது. போபால் நகரிலே 20 ஏக்கர் நிலத்தை, மறைந்த அரசியல் தலைவர் குசாபாவ் தாக்கரேயின் பெயரால் அமைந்த அறக்கட்டளைக்கு மத்தியப் பிரதேச அரசு ஒதுக்கியது. விளம்பரம் இல்லை, வேறு எவருக்கும் வாய்ப்பு இல்லை. உச்ச நீதிமன்றம் அந்த ஒதுக்கீட்டை ரத்துச் செய்தது. அதே ஆண்டில், கல்கத்தாவின் சால்ட் லேக் பகுதியிலே பள்ளிக்கூடம் கட்டுவதற்காக, இந்தியக் கிரிக்கெட் அணியின் முன்னாள் தலைவர் ஒருவருக்கு விளம்பரமின்றித் தரப்பட்ட மனையும் நீதிமன்றத்தால் ரத்தாயிற்று. ஒன்று தலைவரின் நினைவுக்கு, மற்றொன்று கல்விக்கு. கேட்டவர் புகழ்பெற்றவர்; கேட்ட காரணமும் நல்லதாகவே தோன்றியது. ஆயினும் திரைமறைவிலே கொடுத்தது தவறு என்பதே தீர்ப்பு. புகழும் பெயரும் பட்டா ஆகிவிட முடியாது.

நகராட்சிகளைப் பொறுத்தவரை சட்டம் இன்னும் வெளிப்படை. மகாராட்டிரத்திலும் குசராத்திலும் மாநகராட்சிகளை ஆளும் 1949ஆம் ஆண்டுச் சட்டத்தின் 79ஆவது பிரிவை எடுத்துக்கொள்ளுங்கள். மாநகராட்சியின் அசையாச் சொத்தை விற்றாலும், குத்தகைக்கு விட்டாலும், வேறு வகையில் மாற்றிக் கொடுத்தாலும், பெறும் தொகை அன்றைய சந்தை மதிப்புக்குக் குறையலாகாது என்று அது விதிக்கிறது. பம்பாய் மாநகராட்சிக்கான 1888ஆம் ஆண்டுச் சட்டத்திலும் இவ்விதி உண்டு. அதே சட்டம் ஒரு விலக்கையும் வைத்திருக்கிறது. யாருக்கு? குதிரை ஓட்டும் கனவான்களுக்கா? இல்லை. தாம் குடியிருக்கும் மாநகராட்சி நிலத்திலே வீடு கட்டிக்கொள்ளும் குடிசைப் பகுதி மக்களின் கூட்டுறவுச் சங்கத்துக்கு! அதற்கும் மாநகராட்சியின் அனுமதி வேண்டும், மாநில அரசின் ஒப்புதல் வேண்டும். வேலியும் இருக்கிறது, வேலியிலே ஏழைக்கென ஒரு வாயிலும் இருக்கிறது. வாயில் இருக்கும் இடம் எல்லாருக்கும் தெரியும்படி எழுதப்பட்டிருக்கிறது. நல்ல சட்டத்துக்கு இதுவே இலக்கணம்.

கடல் கடந்தும் பார்ப்போம். நகராட்சி என்னும் அமைப்பை நமக்குக் கற்பித்ததாகப் பெருமை பேசும் இங்கிலாந்திலே, 1972ஆம் ஆண்டு உள்ளாட்சிச் சட்டத்தின் 123ஆவது பிரிவு, நியாயமாகப் பெறக்கூடிய சிறந்த தொகைக்குக் குறைவாக நகரமன்றம் தன் நிலத்தைக் கொடுக்கக் கூடாது என்கிறது. ஏழாண்டுக்கு மேற்படாத குறுகிய குத்தகைக்கு மட்டும் விலக்கு. அதற்கு மேலென்றால் அமைச்சரின் இசைவு வேண்டும். 2003ஆம் ஆண்டில் ஒரு பொது இசைவு வெளியிட்டார்கள். அப்பகுதி மக்களின் பொருளாதார, சமூக, சுற்றுச்சூழல் நல்வாழ்வுக்கு உதவுமானால், 20 லட்சம் பவுண்டு வரையில் விட்டுக்கொடுக்கலாம் என்றார்கள். விட்டுக்கொடுப்பதற்கும் ஓர் அளவு! விட்டுக்கொடுத்தது எவ்வளவு என்று மதிப்பிட்டால்தானே அளவுக்குள் நின்றதா என்று சொல்ல முடியும்? ஆகவே மதிப்பீடு அங்கே கட்டாயமாகிறது.

அங்கே மட்டும் எல்லாம் நேர் என்று எண்ண வேண்டாம். அந்தச் சட்டம் வந்து 15 ஆண்டுகளுக்குப் பின், 1987இல், இலண்டனின் வெசுட்மின்சுடர் நகரமன்றம் தன் மூன்று இடுகாடுகளை விற்றது. விலை என்ன தெரியுமா? ஒன்றுக்கு ஐந்து பென்சு; மூன்றும் சேர்த்துப் பதினைந்து பென்சு! பராமரிப்புச் செலவு மிச்சம் என்று காரணம் சொன்னார்கள். கல்லறையிலே உறங்குவோர் எழுந்து வந்து கேட்க மாட்டார்கள் என்ற துணிவு போலும். அவர்களுடைய மக்கள் கேட்டார்கள். நாடே நகைத்தது. சில ஆண்டுகளில் அந்த இடுகாடுகளைத் திரும்பப் பெற வேண்டிய நிலை நகரமன்றத்துக்கு வந்தது. சட்டம் ஏட்டிலே இருந்தால் போதாது, நகரமன்றத்தின் நெஞ்சிலும் இருக்க வேண்டும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமோ?

இனி, மலிவுக் குத்தகைக்கு வக்காலத்து வாங்குவோரின் வாதங்களைப் பார்ப்போம். மறைக்க வேண்டியதில்லை, ஒவ்வொன்றாக எடுத்துக்கொள்வோம்.

"ஒப்பந்தம் ஒப்பந்தந்தானே? 99 ஆண்டு என்று எழுதிக் கொடுத்த பின் வாடகையை உயர்த்தலாமா? கொடுத்த வாக்கை மீறலாமா?" என்கிறார்கள். வாக்கு பெரிதுதான். ஆனால், யாருடைய பொருளைப் பற்றி, யார் கொடுத்த வாக்கு? 1945இல் அந்தக் கையெழுத்தைப் போட்ட ஆட்சிக்கு மக்கள் கொடுத்த ஆணை ஏது? மக்கள் தேர்ந்தெடுத்த மன்றமே ஆனாலும், ஐந்தாண்டுக் காலத்துக்கு வந்தவர்கள் 99 ஆண்டுக்கு ஊரைக் கட்டிப்போடுவது என்ன நியாயம்? தம் பதவிக் காலத்தைப்போல இருபது மடங்கு காலத்துக்கு, தமக்குப் பின் வரப்போகும் இருபது மன்றங்களின் கையை முறுக்கிக் கட்டுகிறார்கள். அடுத்த தலைமுறையின் உரிமையை இந்தத் தலைமுறை விற்றுவிட்டு, அதற்கு 'வாக்கு' என்று பெயரும் வைக்கிறது. தனியார் நிலத்தைக் குத்தகைக்கு எடுக்கும் எந்த வணிகராவது, வாடகை மாறாமல் 99 ஆண்டுக்குக் கேட்டால் நிலக்காரர் வாயிற்படி ஏற்றுவாரா?

"கிளப்புகளால் வேலைவாய்ப்பு; அரசுக்கு வரி வருவாய்" என்கிறார்கள். வேலை தருகிறார்கள், உண்மை. தெருமுனையிலே இட்லிக் கடை வைத்திருக்கும் அம்மையும் இரண்டு பேருக்கு வேலை தருகிறார். அவருக்கு நகராட்சி இடத்தை ஏக்கர் நான்கு ரூபாய்க்குத் தந்தார்களா? மூன்றாண்டுக்கு ஒருமுறை வாடகையை உயர்த்துவது நகராட்சிக் கடைகளில் நாம் நெடுநாளாகக் கண்டுவரும் நடைமுறை. காய்கறிக் கடைக்காரர் இரண்டு மாத வாடகை பாக்கி வைத்தால் கடைக்குப் பூட்டு. பேருந்து நிலையத்திலே பூ விற்கும் பெண் தரைவாடகை தரத் தவறினால் கூடை பறிமுதல். சட்டம் அங்கே புலியாய்ப் பாய்கிறது. 730 கோடி பாக்கிக்கு முன்னே அதே சட்டம் அரை நூற்றாண்டு பூனையாய்ப் படுத்துக் கிடந்தது.

குதிரைப் பந்தயத்தை 1974இல் தமிழ்நாடு சட்டம் போட்டு ஒழித்தது. 1996இல் உச்ச நீதிமன்றம், குதிரைப் பந்தயம் சூதாட்டமன்று, திறமையின் பாற்பட்ட ஆட்டம் என்று தீர்ப்பளித்தது. இருக்கட்டும், திறமை என்றே வைத்துக்கொள்வோம். திறமைசாலிகளுக்குச் சந்தை வாடகை கொடுக்கத் திறமில்லாமற் போனது எப்படி? தச்சனுக்கும் திறமை உண்டு, கொல்லனுக்கும் உண்டு. அவர்கள் பட்டறைக்கு யார் 160 ஏக்கர் கொடுத்தார்கள்?

"பள்ளிக்கூடம், மருத்துவமனை ஆகியவற்றுக்குமா சந்தை விலை?" என்பது மூன்றாவது வாதம். மூன்றிலும் வலுவானது இதுவே. ஆகவே ஆபத்தானதும் இதுவே. தருமம் என்ற சொல்லைச் சொல்லிவிட்டால் நகரமன்றத்தின் கதவுகள் எல்லாம் தாமே திறந்துகொள்கின்றன. உள்ளே போனது தருமந்தானா என்று பின்னர் யாரும் எட்டிப் பார்ப்பதில்லை.

தலைநகர் தில்லியிலே நடந்ததைக் கேளுங்கள். ஒரு பெருமருத்துவமனைக்கு 15 ஏக்கர் நிலம். வாடகை மாதம் ஒரு ரூபாய். கைம்மாறு என்ன? படுக்கைகளில் மூன்றில் ஒரு பங்கு ஏழைகளுக்கு இலவசம். புறநோயாளரில் நூற்றுக்கு நாற்பது பேருக்கு இலவசம். ஒப்பந்தம் அழகாகத்தான் இருந்தது. ஏழைக்கு அந்தப் படுக்கை கிடைத்ததா? வழக்கு மன்றம் ஏறிற்று. நிபந்தனை நிறைவேறவில்லை என்று 2009இல் தில்லி உயர்நீதிமன்றம் கூறியது. 2025ஆம் ஆண்டு மார்ச்சிலும்கூட, ஏழைகளுக்கு இலவச மருத்துவம் உண்மையில் தரப்படுகிறதா என்று உச்ச நீதிமன்றம் கேட்டுக்கொண்டிருந்தது! குத்தகை எழுதிய நாளில் பிறந்த குழந்தை வளர்ந்து, மணமாகி, தன் குழந்தையைத் தூக்கிக்கொண்டு அந்த மருத்துவமனையின் வாயிலுக்கு வந்திருக்கும். அப்போதும் விசாரணை நடந்துகொண்டிருந்தது.

இதே தில்லியிலே, சலுகை விலைக்கு நிலம் பெற்ற மற்ற தனியார் மருத்துவமனைகளைப் பற்றியும் வழக்கு வந்தது. உள்நோயாளரில் நூற்றுக்குப் பத்துப் பேருக்கும், புறநோயாளரில் நூற்றுக்கு இருபத்தைந்து பேருக்கும் இலவச மருத்துவம் அளித்தே தீர வேண்டும் என்று 2018இல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. நிலத்தை மலிவாக வாங்கியபோது புன்னகையோடு கையெழுத்திட்டவர்கள், படுக்கையைக் கேட்டபோது வழக்கறிஞரைத் தேடினார்கள். ஆகவே, தருமத்துக்கு மலிவாகக் கொடுக்கலாம் என்றால், தருமத்தை அளந்து வாங்க வேண்டும். எத்தனை படுக்கை, எத்தனை பிள்ளைகளுக்குக் கட்டணமில்லாக் கல்வி, ஆண்டுதோறும் யார் எண்ணிப் பார்ப்பது, தவறினால் நிலம் எந்த நாளில் திரும்பும் என்பதெல்லாம் குத்தகைப் பத்திரத்திலேயே இருக்க வேண்டும். எண்ணிச் சொல்ல முடியாத தருமத்துக்கு ஊர் நிலம் கொடுப்பது, ஓட்டைப் பானையிலே பால் கறப்பது போன்றது.

"சந்தை விலை, ஏலம் என்று போனால் ஊரே பணக்காரன் கைக்குப் போய்விடாதா?" என்றும் சிலர் கேட்கிறார்கள். நல்லெண்ணத்தோடு கேட்பவர்களும் இவர்களில் உண்டு. அவர்களுக்கு மரியாதையோடு பதில் சொல்லக் கடமைப்பட்டிருக்கிறோம். இயற்கை வளங்களைப் பொறுத்த மட்டில் ஏலம் ஒன்றே வழி என்று அரசமைப்பு விதிக்கவில்லை என உச்ச நீதிமன்றமே 2012இல் கருத்துரைத்தது. நாமும் அப்படிக் கூறவில்லை. நிலத்தைக் கொடுத்தே தீர வேண்டும் என்று யார் சொன்னது? பூங்காவாக வைத்துக்கொள்ளலாம், குளமாக விட்டுவைக்கலாம், நகராட்சியே பள்ளி நடத்தலாம். தனியாருக்குக் கொடுப்பது என்று முடிவு செய்த பிறகே விலைப் பேச்சு வருகிறது. அப்போது சந்தை மதிப்பு ஓர் அளவுகோல். துணிக்கடையிலே முழக்கோல் இருப்பது துணியைக் குறைத்துக் கொடுக்கவும் அன்று, கூட்டிக் கொடுக்கவும் அன்று. எத்தனை முழம் கொடுத்தோம் என்று தெரிந்துகொள்ளத்தான். ஏழைக்குக் கொடுக்கும்போது பத்து முழம் கொடுத்தோம் என்று பெருமையோடு சொல்வோம். சீமானுக்குக் கொடுத்ததும் எத்தனை முழம் என்று வெளியே தெரியட்டும்! முழக்கோலைக் கண்டால் அஞ்சுகிறவர்கள் யார் என்று பார்த்தால், அவர்களுள் ஏழை ஒருவரும் இல்லை.

அரச காலத்து நாட்டைப் பிற்போக்கு என்று பழிக்கிறோம். அந்தக் காலத்துக் கல்வெட்டுகளையும் செப்பேடுகளையும் படித்துப் பாருங்கள். மன்னன் நிலம் கொடுத்தால், எவ்வளவு நிலம், அதன் நான்கு எல்லைகள் எவை, யாருக்கு, எதற்காக, எந்த எந்த வரி நீக்கப்பட்டது என்று விரித்து எழுதி வைத்தான். கல்லிலே வெட்டி, கண்டார் படிக்கும்படி கோயிற் சுவரிலே நிறுத்தினான். உத்தரமேரூர்க் கல்வெட்டு இன்னும் ஒருபடி மேலே போகிறது. பத்தாம் நூற்றாண்டில், பராந்தக சோழன் காலத்தில், ஊர் வாரியத்திலே பணியாற்றிக் கணக்குக் காட்டாதவன் மீண்டும் குடவோலையிலே நிற்கத் தகுதியற்றவன் என்று விதித்தார்கள். அவன் உறவினரும் தகுதியற்றவர் என்று சேர்த்து விதித்தார்கள். ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்னே பனையோலையும் உளியும் வைத்திருந்தவர்கள் செய்ததை, கணிப்பொறியும் இணையமும் வைத்திருக்கும் நகராட்சிகள் செய்ய முடியாதா? ஒரு நகராட்சிக்கு எத்தனை மனை இருக்கிறது, எது யாரிடம் இருக்கிறது, என்ன வாடகை, எப்போது முடியும் என்று ஒரு பலகையிலே எழுதி மன்ற வாயிலில் மாட்ட எத்தனை செலவாகும்? செலவு தடையில்லை, எழுதினால் படித்துவிடுவார்களே என்பதுதான் தடை.

நீதிமன்றம் இருக்கிறதே, அது பார்த்துக்கொள்ளும் என்று இருந்துவிடலாமா? நீதிமன்றம் காவற்காரன் அன்று. கூப்பிட்டால் வருகிற வைத்தியன். கூப்பிட யாராவது வேண்டும். கூப்பிடுகிறவனுக்குக் காலம் வேண்டும், காசு வேண்டும், கோப்பு கையிலே கிடைக்க வேண்டும். போபாலிலே ஒரு நுகர்வோர் அமைப்பு கூப்பிட்டது; வைத்தியன் வந்தான். கூப்பிட ஆளில்லாத ஊர்களில் நோய் முற்றிக்கொண்டிருக்கிறது. வந்த பின்னும் எத்தனை ஆண்டு வைத்தியம் என்பதைக் கிண்டி காட்டியது, தில்லி காட்டியது. ஆகவே வேலி வழக்கு மன்றத்திலே போடப்படுவதாக இருக்கக் கூடாது. குத்தகைப் பத்திரம் எழுதும் மேசையிலேயே போடப்பட வேண்டும்.

எனவே நாம் கேட்கிறோம். ஆளுங்கட்சி, எதிர்க்கட்சி என்ற வேறுபாடின்றி, நகரமன்றத்திலே அமரும் ஒவ்வொருவரையும் பார்த்துக் கேட்கிறோம்.

நகராட்சி நிலம் எதையும், விளம்பரமின்றியும், அரசு அங்கீகாரம் பெற்ற மதிப்பீட்டாளரின் மதிப்பீடு இன்றியும் குத்தகைக்கு விடாதீர்கள். சந்தை மதிப்புக்குக் குறைவாகக் கொடுப்பதென்றால், எவ்வளவு குறைவு என்ற தொகையைத் தீர்மானத்திலேயே எழுதுங்கள். அதை ஆண்டுதோறும் வரவு செலவிலே மானியமாகக் காட்டுங்கள். கொடுக்கும் காரணத்தையும் பெறும் கைம்மாறையும் எண்ணிச் சொல்லக்கூடிய சொற்களிலே எழுதுங்கள். உங்கள் பதவிக் காலத்தைப் பன்மடங்கு தாண்டும் குத்தகையை எழுதாதீர்கள். எழுதித்தான் ஆக வேண்டுமென்றால், குறித்த ஆண்டுகளுக்கு ஒருமுறை வாடகை திருத்தப்படும் என்ற விதியில்லாமல் கையெழுத்திடாதீர்கள். ஏற்கெனவே எழுதப்பட்ட குத்தகைகள் அனைத்தையும் பட்டியலிட்டு மக்கள் முன்னே வையுங்கள். நிபந்தனை மீறப்பட்டிருந்தால், மீறியவர் யாராயிருப்பினும், எந்தக் கட்சிக்கு நன்கொடை கொடுத்தவராயிருப்பினும், நிலத்தை மீட்டெடுங்கள்.

இவை புரட்சிகரமான கோரிக்கைகளா? இல்லை. உச்ச நீதிமன்றம் 1980இல் வகுத்த நெறிக்குள்ளும், பிற மாநிலங்களின் நகராட்சிச் சட்டங்களுக்குள்ளும் அடங்குபவை. ஒரு மளிகைக் கடைக்காரர் தன் குமாஸ்தாவிடம் எதிர்பார்க்கும் நாணயம் இது. ஊரார் தம் மன்றத்திடம் அதை எதிர்பார்ப்பது மிகையாகுமா?

நிலம் வளர்வதில்லை. மக்கள் பெருகுகிறார்கள்; வீடுகள் பெருகுகின்றன; வண்டிகள் பெருகுகின்றன. பிள்ளைகள் ஓடி விளையாட இடமில்லாமல் சாலையிலே பந்தடிக்கிறார்கள். ஆரம்ப சுகாதார நிலையம் கட்ட இடமில்லை என்று கோப்பு திரும்புகிறது. துப்புரவுத் தொழிலாளர் குடியிருப்புக்கு நகருக்குள் இடமில்லை என்று ஊருக்கு வெளியே அனுப்புகிறார்கள். இடமில்லை, இடமில்லை என்று ஏழைக்குச் சொல்லும் அதே நாவு, சீமான்களின் சங்கம் கேட்டால் மட்டும் இடமிருக்கிறது என்று சொல்கிறது. அந்த இரண்டு நாவுக்கும் ஒரே பதில்தான் உண்டு. நகரமன்றத்தின் அடுத்த கூட்டத்துக்குப் போங்கள். குத்தகைப் பட்டியல் எங்கே என்று கேளுங்கள். காட்டும் வரையில் கேளுங்கள்.